வட்டார வரலாற்று வாசகர் வட்டம்: செயலாளரின் ஆண்டறிக்கை

தலைவர் அவர்களுக்கும், செயற்குழுவினருக்கும், உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

ஒரே ஒரு பொருளை எடுத்துக்கொண்டு ஆண்டு முழுக்கப் படிப்போம் என்று சென்ற பொதுக்குழுவில் முடிவு செய்தோம். அமெரிக்காவின் மத்திய மேற்கில் இருக்கும் சிறிய விவசாய டவுன்ஷிப்புகளின் வரலாறும் மக்கள்தொகையும்தான் அந்தப் பொருள். மாதக் கூட்டங்கள் தடையில்லாமல் நடந்தன. வரவு செலவைப் பொருளாளர் தனியே வாசிப்பார். அதனால் இந்த அறிக்கையில் நாம் படித்ததைப் பற்றித்தான் அதிகம் சொல்லப் போகிறேன்.

முதல் கூட்டம் முழுக்க ‘டவுன்ஷிப்’ என்ற சொல்லிலேயே போனது. அந்தச் சொல்லைக் கேட்டால் நமக்குத் தொழிற்சாலைக் குடியிருப்புதான் நினைவுக்கு வரும். நாம் படித்த டவுன்ஷிப்பில் நகரம் என்று ஒன்று இருக்கவே வேண்டியதில்லை. அது வெறும் நிலக் கட்டம். 1785 மே 20 அன்று அமெரிக்கக் கூட்டமைப்புப் பேரவை கொண்டுவந்த நிலச் சட்டம், மேற்கே இருந்த நிலத்தை 6 மைலுக்கு 6 மைல் சதுரங்களாக வெட்டச் சொன்னது. ஒவ்வொரு சதுரத்துக்குள்ளும் ஒரு சதுர மைல் அளவில் 36 செக்‌ஷன்கள். ஒரு செக்‌ஷனுக்கு 640 ஏக்கர். 16ஆம் எண் செக்‌ஷனைப் பள்ளிக்கூடத்துக்கு ஒதுக்கினார்கள். ஒரு குடும்பம்கூட வந்து குடியேறாத நிலத்தில் பள்ளிக்கு முதலில் இடம் குறித்திருக்கிறார்களே என்று கூட்டத்தில் பலர் நெகிழ்ந்தது நினைவிருக்கிறது.

1796க்குப் பிறகு அந்த 36 எண்களை இட்ட முறை எனக்கு மிகவும் பிடித்தது. வடகிழக்கு மூலையில் 1 தொடங்கி மேற்கே 6 வரை போகும். அப்புறம் அதற்கு நேர் கீழே 7, அங்கிருந்து கிழக்கே திரும்பும். வயலில் ஏர் ஓட்டுகிறவர் சால் முடிந்ததும் மாட்டைத் திருப்பிக்கொண்டு வருவாரே, அதே போக்கு. தென்கிழக்கு மூலையில் 36இல் முடியும்.

மூன்றாவது கூட்டத்தை மைதானத்தில் வைத்தோம். அந்தக் காலத்து சர்வேயர்கள் பிடித்த சங்கிலி 66 அடி நீளம், 100 கண்ணிகள் கொண்டது. 80 சங்கிலி சேர்ந்தால் ஒரு மைல். நாம் 66 அடிக்கு ஒரு கயிற்றைக் கட்டி, முளை அடித்து, பத்து முறை நீட்டிப் பார்த்தோம். வெட்டவெளியிலேயே கோடு கோணியது. வேலியோரப் புதரில் கயிறு இரண்டு முறை சிக்கிக்கொண்டது. அவர்கள் இதைக் காட்டிலும் சதுப்பிலும் மைல் கணக்கில் செய்தார்கள். மூலைக்கு மூலை முளை அடித்து, பக்கத்து மரங்களில் அடையாளம் வெட்டி, அது என்ன மரம், எவ்வளவு பருமன், முளையிலிருந்து எந்தத் திசையில் எவ்வளவு தூரம் என்று குறிப்பேட்டில் எழுதினார்கள். அவற்றுக்குச் சாட்சி மரங்கள் என்று பெயர். காடு அழிந்த பிறகு, அங்கே முன்பு என்னென்ன மரங்கள் நின்றன என்பதை இன்றைய சூழலியலாளர்கள் அந்தக் குறிப்பேடுகளிலிருந்துதான் எடுக்கிறார்கள்.

ஒன்றை இங்கே அழுத்திச் சொல்ல வேண்டும். அது ஆளில்லாத நிலம் அல்ல. ஒஹாயோவின் பெரும்பகுதி 1795 கிரீன்வில் உடன்படிக்கையில்தான் பூர்வகுடிகளின் கையை விட்டுப் போனது, அதுவும் போரில் தோற்ற பிறகு. ஒஹாயோவில் முதல் அளவைக் கோடு 1785இலேயே விழுந்துவிட்டது. 1790இல் தொடங்கிய மக்கள்தொகைக் கணக்கெடுப்போ, ‘வரி செலுத்தாத இந்தியர்கள்’ என்று சொல்லி அவர்களில் பெரும்பாலோரை நெடுங்காலம் எண்ணவே இல்லை. அதனால், ஒரு டவுன்ஷிப்பின் மக்கள்தொகை அட்டவணையில் முதல் எண்ணைப் பார்த்ததும் ‘இங்கிருந்துதான் ஊர் தொடங்கியது’ என்று நம் கட்டுரைகளில் யாரும் எழுத வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

அடுத்து, மக்கள்தொகை. இந்த ஆண்டில் நாம் உருப்படியாகச் செய்தது என்று நான் கருதுவது கரும்பலகையில் போட்ட ஒரு கணக்கு. ஒரு டவுன்ஷிப் முழுவதும் 23,040 ஏக்கர். 1862 குடியேற்றச் சட்டம் கொடுத்தது போல ஒரு குடும்பத்துக்கு 160 ஏக்கர் என்று வைத்தால் 144 பண்ணைகள். 1880 வாக்கில் ஒரு வீட்டுக்குச் சராசரியாக ஐந்து பேர். ஆக 720 பேர். இப்போது 2022 விவசாயக் கணக்கெடுப்புக்கு வாருங்கள். நாட்டின் சராசரிப் பண்ணை 463 ஏக்கர். அதே நிலத்தில் சுமார் 50 பண்ணைகள்தான் அடங்கும். வீட்டுக்கு இரண்டரைப் பேர் என்றால் 125 பேர். மேய்ச்சல் நிலப் பெரும்பண்ணைகளும் அந்தச் சராசரியில் கலந்திருப்பதால் இது எந்த ஊரின் சரியான எண்ணும் அல்ல. ஆனாலும் போன போக்கை இது காட்டிவிடுகிறது. பஞ்சமோ கொள்ளைநோயோ வராமலே, ஒரு ஏக்கர்கூடத் தரிசாகாமலே, ஊர் ஆறில் ஒரு பங்காகச் சுருங்க முடியும். குதிரை போய் டிராக்டர் வந்தது. ஒரு குடும்பம் பார்க்கக்கூடிய நிலம் பெருகியது. 1935இல் நாடு முழுக்க 68 லட்சமாக இருந்த பண்ணைகள் இன்று சுமார் 19 லட்சம்.

சரி, எண்கள் போதும். பழைய கணக்கெடுப்புத் தாள்களையும் வாசித்தோம். 1840 வரை குடும்பத் தலைவரின் பெயர் மட்டும்தான் இருக்கும். மற்றவர்கள் வெறும் எண்ணிக்கை. 1850இல்தான் சுதந்திரமாக இருந்த ஒவ்வொருவர் பெயரும் எழுதப்பட்டது. அடிமைகளின் பெயர் அப்போதும் இல்லை. 1900 தாளில் பெண்களிடம் இரண்டு கேள்விகள்: எத்தனை குழந்தைகள் பெற்றீர்கள், எத்தனை பேர் இருக்கிறார்கள். ஒரு விவசாயி மனைவியின் வரிசையில் அடுத்தடுத்த கட்டங்களில் 9, 5 என்று எழுதியிருந்தது. தொழில் என்ற கட்டத்தில் ஒன்றும் இல்லை. வாசித்துக்கொண்டிருந்த உறுப்பினர் அங்கேயே நிறுத்திவிட்டார். கொஞ்ச நேரம் நாங்களும் பேசவில்லை.

1890 தாள்களைத் தேடியவர்கள் ஏமாந்தார்கள். 1921 ஜனவரியில் வாஷிங்டனில் நேர்ந்த தீவிபத்தில் கருகியும் நனைந்தும் பாழானவை, பின்னர் பெரும்பாலும் அழிக்கப்பட்டுவிட்டன. சமவெளியில் குடியேற்றம் மும்முரமாக இருந்த பத்தாண்டுகளின் பெயர்கள் அப்படியே போயின. பெயர் விவரத்தை 72 ஆண்டுகள் கழித்தே வெளியிடுவார்கள் என்பதால், 1950 தாள்கள் 2022 ஏப்ரலில்தான் கிடைத்தன. அடுத்தது 2032இல்.

2020 கணக்கெடுப்பைப் பற்றி ஓர் எச்சரிக்கை. தனி ஆட்களை அடையாளம் கண்டுவிடக் கூடாது என்பதற்காக, மாநிலத்துக்குக் கீழ்ப்பட்ட எண்ணிக்கைகளில் சிறு மாற்றங்களை வேண்டுமென்றே கலந்து வெளியிட்டார்கள். பெரிய நகரத்தில் அது தெரியாது. நூறு, இருநூறு பேர் உள்ள டவுன்ஷிப்பில் பத்துப் பேர் கூடினார்களா குறைந்தார்களா என்று அதை வைத்து யாரும் அடித்துப் பேச முடியாது. அந்த அளவு சிறிய ஊருக்குப் பள்ளிப் பதிவேடு, கல்லறைக் கற்கள், தேவாலயத்தின் ஞானஸ்நான ஏடு, வரிப் பட்டியல் ஆகியவைதான் உறுதியான துணை.

ஒரு குறையையும் பதிவு செய்கிறேன். டிசம்பர் கூட்டத்துக்கு நிலவரைபடப் பிரதிகளை ஏற்பாடு செய்வதாக நான் ஒப்புக்கொண்டேன். விண்ணப்பத்தைத் தாமதமாக அனுப்பியதால் அவை பிப்ரவரியில்தான் வந்தன. உறுப்பினர்கள் பொறுத்துக்கொண்டதற்கு நன்றி.

வரும் ஆண்டுக்குச் செயற்குழு முன்வைப்பது: 16ஆம் செக்‌ஷன் பள்ளி நிலங்கள் பிறகு என்ன ஆயின, எவ்வளவு விற்கப்பட்டது, எவ்வளவு இன்னும் பொதுக்கையில் இருக்கிறது என்று படிப்பது. 66 அடிக் கயிறு என் வீட்டில்தான் இருக்கிறது. முதல் கூட்டத்துக்கு எடுத்து வருகிறேன்.

இவ்வறிக்கையை ஏற்றுக்கொள்ளுமாறு பொதுக்குழுவைக் கேட்டுக்கொள்கிறேன்.

செயலாளர்