என் கணவர் வழக்கில் உடன் நின்றவர்களுக்கு

எல்லோருக்கும் வணக்கம்.

போன வாரம் ரயில்வே தீர்ப்பாயத்தின் உத்தரவு கைக்கு வந்தது. என் கணவர் முறையாகப் பயணம் செய்தவர்தான், ஓடும் ரயிலிலிருந்து தவறி விழுந்துதான் இறந்தார் என்று அதில் எழுதியிருக்கிறது. இழப்பீடு 8 லட்சம் ரூபாய். மூன்று வருடமாக நான் சொல்லிவந்ததை ஒரு தாளில் படித்ததும் உடைந்து அழுதுவிட்டேன். உங்கள் ஒவ்வொருவர் வீட்டுக்கும் வந்து சொல்ல வேண்டியதை இங்கே எழுதுகிறேன்.

அவர் பெயிண்டர். தினமும் வேறு வேறு ஊரில் வேலை என்பதால் சீசன் டிக்கெட் எடுக்கமாட்டார். அன்றைக்கு எடுத்த டிக்கெட் சட்டைப் பையில் இருந்திருக்கும். அந்தச் சட்டையே எங்களிடம் திரும்பி வரவில்லை. டிக்கெட் இல்லை, தண்டவாளத்தைக் கடந்தபோது அடிபட்டவர் என்று எதிர்த்தரப்பு பதில் மனு போட்டது. ஒரு நாளும் வித்தவுட்டில் போகாத மனுஷனுக்கு இந்தப் பெயரா என்று பல ராத்திரி தூங்கவில்லை.

வக்கீல் அம்மா, இலவச சட்ட உதவி மையத்தில் பெண்களுக்கு வருமானம் பார்ப்பதில்லை என்பதே அங்கே போன பிறகுதான் எனக்குத் தெரிந்தது. ஒரு வருடத்துக்குள் மனு போட வேண்டும். நான் வந்தபோது பதினோரு மாதம் ஓடிவிட்டது. நீங்கள் கடிந்துகொள்ளவில்லை. ரயில்வே சட்டத்தின் 124ஏ பிரிவில் ரயில்வே மேல் தப்பு இருக்கிறதா என்ற கேள்வியே இல்லை, தற்கொலை, போதை, நோய் என்று சில விலக்குகள்தான் உண்டு என்று விளக்கினீர்கள். 2018இல் ரீனா தேவி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதையும் படித்துக் காட்டினீர்கள். உடலோடு டிக்கெட் இல்லை என்பதற்காகவே பயணி இல்லை என்று தள்ள முடியாது. குடும்பத்தார் விவரங்களைப் பிரமாண வாக்குமூலமாகக் கொடுத்துவிட்டால், அதை மறுத்து நிரூபிப்பது ரயில்வேயின் பொறுப்பு. ஆனால் தண்டவாளத்தில் உடல் கிடந்தது மட்டும் போதாது, வேறு ஆதாரமும் தேடுவோம் என்றீர்கள்.

அப்படித் தேடிக் கிடைத்தவர் கூடப் பயணம் செய்த தம்பி. என் கணவர் விழுந்ததைப் பார்த்து, அடுத்த நிலையத்திலேயே இறங்கி ஸ்டேஷன் மாஸ்டரிடம் சொன்னது நீதான். அந்தத் தகவல் நேரத்தோடு பதிவாகியிருந்ததால்தான் தண்டவாளம் கடந்த கதை நிற்கவில்லை. சாட்சி சொல்ல மூன்று தடவை கூலியை விட்டுவிட்டு வந்தாய். பஸ் காசுகூட வாங்கவில்லை.

பிரேத விசாரணையில் கண்டதைக் கண்டபடி எழுதிய ரயில்வே போலீஸ்கார ஐயாவுக்கும் நன்றி.

அப்புறம், டீக்கடை அண்ணா. பெயிண்ட் பையை உங்கள் பெஞ்சில் வைத்துவிட்டு கவுண்டருக்குப் போய் டிக்கெட் எடுத்து வந்துதான் டீ குடிப்பார், அன்றைக்கும் அப்படித்தான் என்று கூண்டில் ஏறிச் சொன்னீர்கள். குறுக்கு விசாரணையில் குரல் உயர்ந்தபோதும் நீங்கள் தடுமாறவில்லை. அன்றைய தேதியில் கணக்கு எழுதிய நோட்டையும் கொண்டுவந்து காட்டினீர்கள். அதில் அவர் பெயருக்கு நேரே 46 ரூபாய் பாக்கி இருக்கிறது. போன தடவை கொடுத்தபோது வாங்க மாட்டேன் என்றுவிட்டீர்கள். ஞாயிற்றுக்கிழமை பையனைக் கூட்டிக்கொண்டு வருகிறேன். அவன் கையால் கொடுப்பான், வாங்கிக்கொள்ளுங்கள் அண்ணா.