உன் சுவடிக் கதைய படிச்சேன் தம்பி

தம்பிக்கு,

நீ அனுப்பின கதைய முழுசா படிச்சிட்டேன். போன்ல படிச்சா கண்ணு எரியுதுன்னு ஜெராக்ஸ் கடையில குடுத்து பிரிண்ட் போட்டு எடுத்தாந்தேன், அந்தக் கடைப் பையன் நின்னபடியே நாலு பக்கம் படிச்சிட்டு "சார் அப்பால இன்னா ஆச்சு"ன்றான். எம்புள்ள எழுதினதுன்னு சொன்னேன், காசு கொறைக்கல. அம்மாவும் படிச்சா. அந்தக் கிழவி சாவுற எடத்துல மூக்க உறிஞ்சிக்கினு எந்திரிச்சு உள்ள போயிட்டா.

நீ நல்லா கீறியா? செவ்வாக்கெழம பதினோரு மணிக்கு போன் பண்ணப்ப பின்னால குக்கர் விசில் கேட்டுச்சு. ஆபீஸ்ல இருக்கேன்னு சொன்ன. சரி, இப்ப எல்லா கம்பெனியிலயும் சமைக்கிறாங்க போல. நேரத்துக்கு சாப்பிடு.

கதைக்கு வரேன். அந்த நீர்ச்சுவடி, 1008 ஓலை, ஆறு வத்தினா எழுத்து மங்கிடும், வெள்ளம் வந்தா திரும்ப தெரியும்னு எழுதியிருக்க பாரு, அது பாலாத்தங்கரையில பொறந்தவனுக்குத்தான் தோணும். தாத்தா போனப்புறம் அவரு சுவடிய ஆடி 18க்கு ஆத்துல விட்டே ஆவணும்னு அத்தை நின்ன நெலை உனக்கே தெரியும், விடறதுக்கு தண்ணி இருந்தாத்தானே, வெறும் மணலும் சீமக்கருவேலமும்தான், அதனாலதான் அந்தக் கட்டு இன்னும் பரண் மேல கீது. 2021 நவம்பர்ல பாலாத்துல வெள்ளம் வந்தப்ப அத்தைக்கு ஞாபகம் வந்துடப் போவுதுன்னு நான் வாயே தொறக்கல.

ஆனா சில எடம் சரியில்ல, சொன்னா கோச்சிக்காத. உன் கதையில எழுதின ஒடனே எழுத்து தெரியல, அது சரி, ஆனா அத வரவெக்க மூணு பக்கத்துக்கு பூதத்த கூப்ட்டு மந்திரம் சொல்ற. எதுக்கு அவ்ளோ? எழுத்தாணி ஓலைய கீறிட்டுத்தான் போவும், வெறும் கீறல், வெளிச்சத்துல சாய்ச்சு புடிச்சா லேசா கண்ணுல படும். விளக்குக் கரிய எண்ணெயில கொழச்சி மேல பூசி துணியால தொடச்சா கீறல்ல மட்டும் மை நின்னு எழுத்து எழும்பி வரும். தாத்தா பண்றப்ப பக்கத்துல குந்திக்கினு வாயப் பொளந்துக்கினு பாத்தவன் நான். பூதத்த எடுத்துட்டு அந்தக் கரிய வெய்யி. அப்பால அந்த மந்திரி ராத்திரியோட ராத்திரியா ஒரு புள்ளிய வெச்சு அர்த்தத்த மாத்தறான்ல, சுவடியில மெய்யெழுத்துக்கு பெரும்பாலும் புள்ளியே வெக்க மாட்டாங்க, குத்தினா ஓலை கிழியும். வார்த்தைக்கு நடுவுல எடமும் இருக்காது, படிக்கிறவன்தான் பிரிச்சிக்கணும். அதனால அவன் எதையும் மாத்தவே தேவையில்ல, ராஜா முன்னாடி தப்பா பிரிச்சு படிச்சா போதும், குடி கெட்டுடும். சித்தருங்க பரிபாஷையில மருந்து பேர மறைச்சு சொல்ற மாதிரி நீயும் பச்சிலைக்கெல்லாம் மறைபேரு வெச்சிருக்க, அது தாத்தா கேட்டிருந்தா உன்ன தூக்கி வெச்சிக்கினு ஆடியிருப்பாரு. அவரு கைய நீதான் புடிச்சிருக்க, நானில்ல.

தஞ்சாவூர் சரஸ்வதி மகால்ல ஓலைச்சுவடி வெச்சிருக்காங்க, போய் பாத்துட்டு வாயேன். டைம் இருக்கும்னு நெனைக்கிறேன்.

அந்தப் பையனோட அப்பன ஏன் அப்டி எழுதின? இரும்புப் பொட்டிய பூட்டி சாவிய அரணாக்கயித்துல கட்டிக்கினு திரியறவனா? அத்தை படிச்சா ஒரு வாரம் சிரிப்பா.

நாலாவது அத்தியாயம்தான் எனக்கு வெளங்கவே இல்ல. நீர்ச்சுவடிய ஒண்டியா படிக்கக் கூடாது, ஒருத்தர் கயித்த புடிச்சிக்கணும் ஒருத்தர் படிக்கணும், ஒண்டியா படிச்சா அந்த ஓலை வெத்து ஓலையாயிடும்னு நீதானே ரூல் வெச்ச. சுவடி பிரதி எடுக்கிறப்பவும் ஒருத்தர் படிக்க ஒருத்தர் எழுதறது உண்டு, அதனால அந்த ரூல் எனக்கு ரொம்ப புடிச்சுது. அப்டி இருக்க, அவன் எதுக்கு கதவ சாத்திக்கினு யாருக்கும் தெரியாம படிக்கிறான்? ஓலை ஒண்ணொண்ணா வெத்தாவுது, அப்பயும் நிறுத்த மாட்றான், காலையில கேட்டா எல்லாம் நல்லா இருக்குதுன்றான். கீழ அவங்கப்பன் தூங்காம பொரண்டுக்கினு கீறான்னு நீயே எழுதியிருக்க. ஒரு கொரல் குடுத்தா ஏறி வர மாட்டானா? கத்துவான். நாலு வார்த்த கத்துவான்தான், அவன் சுபாவம் அது. அதுக்கப்புறம் கயித்த புடிப்பானா மாட்டானா? அத மாத்தி எழுதுப்பா.

இந்த மாசமும் பத்தாயிரம் போட்டிருக்க. எனக்கு பென்ஷன் வருது. போன மாசத்துதும் இதுவும் அம்மா தொடாம தனியா வெச்சிருக்கா, இனிமே அனுப்பாத, உங்கிட்டயே இருக்கட்டும். ராத்திரி கண்ணு முழிக்காத. நேரத்துக்கு சாப்பிடு, குக்கர்ல வெறும் சோறு வெச்சு ஊறுகாயத் தொட்டுக்கினு முடிச்சிடாத.

தாத்தா சுவடிய போட்டோ புடிச்சு வாட்ஸ்அப்ல அனுப்புன்னு கேட்டிருந்த. அனுப்ப மாட்டேன். கட்ட அவுத்தா ஓரமெல்லாம் உதுருது, ஒரு ஆளால ஆவாது. காலையில லால்பாக் ரயில புடிச்சா மதிய சோத்துக்கு முன்னாடி காட்பாடி, நான் வண்டி எடுத்தாரேன். வர்றதுன்னா மொத நாளே சொல்லு. அம்மாவுக்கு இலவம்பாடி முள்ளு கத்திரிக்காதான் வேணுமாம், 2023ல புவிசார் குறியீடு குடுத்தாலும் குடுத்தாங்க, கொஞ்சம் லேட்டா போனா மார்க்கெட்ல காம்பு கூட கெடைக்க மாட்டுது.

அப்பா