காலை இழந்த ஓட்டுநரின் இழப்பீட்டைப் பழைய உச்சவரம்பில் கணக்கிட்டது குறித்துப் புகார்

அனுப்புநர்: லாரி உரிமையாளர், நாமக்கல்.

பெறுநர்: குறைதீர்ப்பு அலுவலர், வாகனக் காப்பீட்டுப் பிரிவு, மண்டல அலுவலகம்.

பொருள்: தொப்பூர் கணவாயில் எங்கள் லாரி கவிழ்ந்து ஓட்டுநர் காலை இழந்த விபத்து, பிப்ரவரி 2024 – ரூ.5,67,533-க்கான டிஸ்சார்ஜ் வவுச்சரை (தொகையைப் பெற்றுக்கொண்டு க்ளெய்மை முடிப்பதாகக் கையெழுத்திடும் படிவத்தை) திருப்பி அனுப்புதல்.

ஐயா / அம்மையீர்,

உங்கள் க்ளெய்ம் பிரிவு அனுப்பிய வவுச்சரைக் கையெழுத்திடாமல் இத்துடன் திருப்பி அனுப்புகிறோம். ஓட்டுநரும் கையெழுத்திடவில்லை; போட வேண்டாம் என்று நாங்களே சொல்லிவிட்டோம்.

முதல் கோளாறு கணக்கில். மாதச் சம்பளத்தை ரூ.8,000 என்று எடுத்திருக்கிறீர்கள். விபத்து நாளில் நடைமுறையில் இருந்த பணியாளர் இழப்பீட்டுச் சட்டத்தில், கணக்குக்கு எடுக்கும் சம்பளத்துக்கான அந்த உச்சவரம்பு 2010-ல் வந்தது. 2020 ஜனவரி 3 முதல் அது ரூ.15,000 ஆனது. ஓட்டுநருக்கு வங்கி வழியாகச் சென்ற சம்பளமே ரூ.18,000. பேட்டாவைச் சேர்ப்பதா வேண்டாமா என்று உங்கள் அலுவலர் எழுதிக் கேட்டதற்குத் தேவையே இல்லை. எப்படிப் பார்த்தாலும் வரம்பான 15,000 வந்துவிடுகிறது. நிரந்தர முழு ஊனத்துக்குச் சட்டம் கணக்கில் எடுப்பது அதில் 60 சதவீதம், அதாவது ரூ.9,000. வயது 35-க்கு நான்காம் அட்டவணையில் உள்ள காரணி 197.06. பெருக்கினால் ரூ.17,73,540.

வருமானத் திறன் இழப்பு 60 சதவீதம்தான், அதனால் இந்தத் தொகையிலும் 60 சதவீதம்தான் என்கிறீர்கள். முழங்காலுக்குக் கீழே 6 செ.மீ. விட்டுக் கால் துண்டிக்கப்பட்டிருப்பதால் காயத்துக்கேற்ற இழப்பு சதவீதத்தைச் சொல்லும் முதல் அட்டவணையில் 60 என்று இருப்பது உண்மை. ஆனால் நிரந்தர முழு ஊனம் என்பதற்குச் சட்டம் வைத்திருக்கும் அளவுகோல், விபத்துக்கு முன் செய்யத் திறன் பெற்றிருந்த வேலைகளைச் செய்ய முடியாமல் போவது. கனரக வாகனம் ஒன்றையே தொழிலாகக் கொண்டவர் அந்தக் காலோடு மறுபடி ஸ்டீயரிங் பிடிக்க முடியுமா? இடது கையை இழந்த தச்சருக்கு 1975-லும், முழங்கால் வரை காலை இழந்த டேங்கர் லாரி ஓட்டுநருக்கு 2008-லும் வருமானத் திறன் இழப்பு 100 சதவீதம் என்றே உச்ச நீதிமன்றம் ஏற்றது. அதை நீங்கள் மறுத்து வாதாடலாம், அது உங்கள் உரிமை. ஆனால் உங்கள் 60 சதவீதக் கணக்கின்படியே ரூ.10,64,124 வருகிறது. இதில் தகராறு இல்லை. ஒப்புக்கொண்ட அளவுக்கான தொகையை முதலில் கொடுத்துவிட்டு மீதிக்குத்தான் வழக்காட வேண்டும் என்கிறது அதே சட்டத்தின் பிரிவு 4ஏ(2).

சர்வேயர் அறிக்கையில் "இறக்கத்தில் நியூட்ரலில் ஓட்டியது ஓட்டுநரின் கவனக்குறைவு" என்று ஒரு வரி இருக்கிறது. அதைப் பிடித்துக்கொண்டு, வேறு வாகனம் மோதாததால் க்ளெய்ம் பலவீனமானது என்று எழுதியிருக்கிறீர்கள். மோட்டார் வாகனச் சட்டத்தின் 166-வது பிரிவில் தீர்ப்பாயம் போயிருந்தால் இந்த வாதம் நிற்கும். தான் ஓட்டிய வண்டி தானே கவிழ்ந்ததற்கு அங்கே கேட்க முடியாது. அதனால்தான் ஓட்டுநர், இரண்டு சட்டங்களில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க 167-வது பிரிவு தரும் உரிமையின்படி, பணியாளர் இழப்பீட்டுச் சட்டத்தின் கீழ் ஆணையராக உள்ள தொழிலாளர் இணை ஆணையரிடம் மனு கொடுத்திருக்கிறார். அங்கே கேள்வி ஒன்றுதான்: வேலையின்போது, வேலையால் ஏற்பட்ட காயமா? குடிபோதை, வேண்டுமென்றே விதியை மீறியது போன்ற விலக்குகள்கூட மரணத்துக்கும் நிரந்தர முழு ஊனத்துக்கும் பொருந்தாது. தொப்பூர் இறக்கத்தில் பிரேக் சூடாகிப் பிடிக்காமல் போவது அந்தச் சாலையில் ஓடும் எல்லோருக்கும் தெரிந்த கதை.

மருத்துவச் செலவை "மோட்டார் பாலிசியில் இல்லை" என்று ஒரே வரியில் தள்ளியிருக்கிறீர்கள். பணியாளர் இழப்பீட்டுச் சட்டத்தின் பிரிவு 4(2ஏ) 2010 ஜனவரியிலேயே நடைமுறைக்கு வந்துவிட்டது. உண்மையான சிகிச்சைச் செலவும் இதே சட்டப் பொறுப்பில் அடங்கும். ஊதியம் பெறும் ஓட்டுநர், கிளீனருக்கான சட்டப் பொறுப்புக்கென்று தனிப் பிரீமியம் வாங்கியிருக்கிறீர்கள். பாலிசி ஷெட்யூலில் அந்த வரி இருக்கிறது. முதல் 48 மணி நேரச் சிகிச்சை அரசின் 'நம்மைக் காக்கும் 48' திட்டத்தில் நடந்தது. அதை நாங்கள் கேட்கவில்லை, அதற்குப் பிந்தைய பில்கள் மட்டுமே உள்ளன.

எங்களை உறுத்துவது வவுச்சரின் கடைசி வரி: "முழுத் தீர்வாக ஏற்கிறேன்". பிரிவு 17-ன்படி, இழப்பீட்டைக் குறைக்கும் எந்த ஒப்பந்தமும் செல்லாது. ஆணையரிடம் பதிவு செய்யாத உடன்படிக்கை என்றால் நிலைமை இன்னும் மோசம். பிரிவு 29-ன்படி முழுத் தொகையும் மறுபடி முதலாளி தலையில் விழும்; ஆணையர் வேறுவிதமாகச் சொல்லாவிட்டால், கொடுத்ததில் பாதிக்கு மேல் கழிக்கவும் முடியாது. வாடிக்கையாளரை இந்தக் குழியில் இறக்கும் காகிதத்தை எப்படி அனுப்புகிறீர்கள்?

தாமதத்தின் விலையும் எங்களுக்குத்தான். இழப்பீடு விபத்து நாளன்றே கடனாகிறது. ஒரு மாதம் கடந்தால் ஆண்டுக்கு 12 சதவீத வட்டி, அதாவது முழுத் தொகைக்கு மாதம் ரூ.17,735. அதை நீங்கள் கட்ட வேண்டும். ஆனால் 50 சதவீதம் வரையிலான அபராதம் காப்பீட்டு நிறுவனத்தைச் சேராது, உரிமையாளரையே சேரும் என்று 1997-ல் உச்ச நீதிமன்றம் தீர்த்துவிட்டது. ரூ.8,86,770 வரை போகலாம். கோப்பு உங்கள் மேசையில் கிடக்க, அபராதம் எங்களுக்கு.

ஆகவே 15 நாட்களுக்குள்:

ரூ.10,64,124-ஐ வட்டியுடன் ஆணையரிடம் டெபாசிட் செய்து ரசீது நகல் அனுப்புங்கள். மீதி ரூ.7,09,416-ஐ ஏற்கிறீர்களா, மறுக்கிறீர்களா என்பதைக் காரணத்தோடு எழுதுங்கள். மருத்துவ பில்களுக்கு ஒவ்வொன்றாகப் பதில் வேண்டும்.

பதில் வராவிட்டால் காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையமான ஐ.ஆர்.டி.ஏ.ஐ.யின் பீமா பரோசா புகார் தளத்தில் புகார் பதிவோம். அபராதம் விதிக்கப்பட்டால், தாமதத்துக்கு யார் காரணம் என்பதற்குச் சான்றாக இந்தக் கடிதத்தை ஆணையர் முன் வைப்போம்; அத்தொகையை உங்களிடம் வசூலிக்க நுகர்வோர் ஆணையத்துக்கும் போவோம்.

இப்படிக்கு,
லாரி உரிமையாளர்

இணைப்பு: கையெழுத்திடாத வவுச்சர், பாலிசி ஷெட்யூல், எஃப்.ஐ.ஆர்., ஓட்டுநர் உரிமம், எஃப்.சி., பெர்மிட், வங்கிக் கணக்கு அறிக்கை, ஊனச் சான்று, மருத்துவ பில்கள்.