கோஸ்லோவ்ஸ்கியை விட்டுவிட்டீர்களே!

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழில் வந்த உஸ்பெக் சினிமா கட்டுரையில் இயக்குநர்கள், நடிகர்கள், ஸ்டூடியோ எல்லாம் இருந்தன. இசைக்கு மட்டும் ஒரே வரி: மாஸ்கோவிலிருந்து வந்தவர்கள் உள்ளூர் மெட்டுகள் மேல் மேல்நாட்டு ஆர்க்கெஸ்ட்ராவைப் பூசிவிட்டுப் போனார்களாம். அந்த வரிதான் உறுத்துகிறது. இசையமைப்பாளர் கோஸ்லோவ்ஸ்கி அதில் விடுபட்டுப் போகிறார்.

பாதி சரிதான். உஸ்பெக் மரபிசையும் நம்முடையதைப் போல ஒற்றை மெட்டில் ஓடுவது. பல ஸ்வரங்களைச் சேர்த்து ஒலிக்கும் ஹார்மனி பின்னால் வந்து சேர்ந்தது. 1947-இல் வந்த 'அலிஷேர் நவாய்' படத்துக்கு மாஸ்கோ இசையமைப்பாளர் கிளியேரும் உள்ளூர் தாலிப் சாதிகோவும் சேர்ந்து இசையமைத்தார்கள். அதற்கு முன்பே 1940-இல் 'லைலி மஜ்னூன்' ஓபராவுக்குக் கைகோத்த ஜோடிதான் அது. உள்ளூர்க்காரரும் வெளியூர்க்காரரும் இப்படிச் சேர்ந்து வேலை செய்வது அன்றைய வழக்கம்.

ஆனால் 1945-இல் நபி கனியேவ் எடுத்த 'தாஹிரும் ஸுஹ்ராவும்' படத்துக்கு இசையமைத்த அலெக்ஸெய் கோஸ்லோவ்ஸ்கியை இந்தக் கணக்கில் சேர்க்க முடியாது. 1905-இல் கீவில் பிறந்தவர், மாஸ்கோவில் இசையமைப்பாளர் மியாஸ்கோவ்ஸ்கியிடம் படித்தவர். 1936-இல் சோவியத் அரசு அவரை மூன்று வருடத் தண்டனையாக உஸ்பெக் தலைநகர் தாஷ்கண்டுக்கு அனுப்பியது. அது கழிந்ததும் மூட்டை கட்டியிருக்கலாம். கட்டவில்லை, 1977-இல் சாகும்வரை அந்த ஊர்க்காரராகவே இருந்துவிட்டார். வந்த மறுவருடமே உஸ்பெக் பகுதியான ஃபெர்கானாவின் நாட்டுப்பாடல்களை வைத்து 'லோலா' என்ற ஆர்க்கெஸ்ட்ரா படைப்பை எழுதினார். போர்க்காலத்தில் ரஷ்யக் கவிஞர் அன்னா அக்மதோவா தாஷ்கண்டில் தங்கியிருந்தபோது வந்து போன வீடுகளில் இவருடையதும் ஒன்று. படத்துக்கு முன் ஒன்பது வருடம் அந்த மண்ணின் பாட்டைக் கேட்டவர். இவரையா பூசிவிட்டுப் போனவர் என்பது?

எங்கள் வீட்டுச் சுவரில் ஒரு தாயிரா, அதாவது உஸ்பெக் கைப்பறை, தொங்குகிறது. எண்பதுகளில் தாஷ்கண்டில் படித்த என் மச்சான் கொண்டுவந்தது. கஞ்சிராவைவிட நல்ல பெரிய வட்டம், உள்விளிம்பில் வரிசையாக இரும்பு வளையங்கள். நடுவில் தட்டினால் கும்மென்று அதிரும், ஓரத்தில் தட்டினால் டக்கென்று வெட்டும். கை நின்ற பிறகும் வளையங்கள் ஒரு கணம் சலசலத்துவிட்டுத்தான் அடங்கும். அந்தச் சலசலப்பை எந்த ஸ்வரக் குறிப்பில் எழுதுவது? பக்கத்தில் உட்கார்ந்து கேட்டால்தான் உண்டு.

அப்புறம், 1980-இல் வந்த 'அலிபாபா அவுர் சாலீஸ் சோர்' படத்தின் இசை ஆர்.டி. பர்மன் என்று மட்டும் போட்டிருக்கிறீர்கள். உஸ்பெக் ஸ்டூடியோவான உஸ்பெக்பிலிமும் சேர்ந்து எடுத்த படம் அது. இன்னொரு இசையமைப்பாளரான விளாடிமிர் மிலோவ் பெயரும் கூடவே வரவேண்டும். இந்தியில் பாட்டைக் கேட்டு வளர்ந்த எனக்கே இது வெகுநாள் தெரியாது, உங்கள் கட்டுரையாளரைக் குறை சொல்லவில்லை.

1960-இல் வந்த 'மஹல்லாதா தூவ்-தூவ் காப்' நகைச்சுவைப் படத்துக்கு இசையமைத்த மனாஸ் லெவியேவ் பற்றி ஒரு பக்கமாவது போடுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
கும்பகோணம்.