கயிறு கட்டியவருக்கும் குடை பிடித்தவர்களுக்கும்

குடியரசு தினத்தையொட்டி நடக்கும் தேசியப் பள்ளி பேண்டு போட்டியில் பிராஸ் (பித்தளை ஊதுகருவிகள்), பைப் (பைக்குழல்) என இரண்டு வகை. ஆண்களுக்கும் பெண்களுக்கும் தனித்தனி. நம் பெண்கள் பிராஸ் பேண்டு மாநிலச் சுற்றை முடித்துத் திரும்பிவிட்டது. கோப்பை இல்லை. நன்றி நிறைய பாக்கி.

ராணுவ பேண்டில் ஓய்வுபெற்ற மாஸ்டர் ஐயாவுக்கு முதல் வணக்கம். லெஃப்ட் வீல், அதாவது வரிசை கலையாமல் மொத்தமாக இடப்பக்கம் திரும்புவது, எடுத்தாலே வரிசை வில்லாக வளைந்தது. எல்லாரும் ஒரே அளவு ஸ்டெப் வைத்ததே காரணம். ஒன்றரை மீட்டர் இடைவெளியில் ஐந்து பேர் நின்றால், மையத்திலிருந்து உள்ளே நிற்பவர் 1 மீட்டர், வெளியே நிற்பவர் 7 மீட்டர். 16 ஸ்டெப்பில் கால்வட்டம் திரும்ப, உள்ளே இருப்பவருக்கு 10 செ.மீ. ஸ்டெப் போதும்; வெளியே இருப்பவருக்கு 69 வேண்டும். ஐயா கணக்குச் சொல்லவில்லை. முளை அடித்து, கயிறு கட்டி, ஐந்து வளைவையும் சுண்ணாம்புப் பொடியில் போட்டார். அதன்மேல் மூன்று நாள் வெறும் நடை, வாத்தியமே கிடையாது.

இன்னொன்றும் அவர் கண்டுபிடித்ததுதான். பேஸ் டிரம் 17 மீட்டர் பின்னால் நின்றால், அந்தச் சத்தம் முன்வரிசைக்கு வர நொடியில் இருபதில் ஒரு பங்கு ஆகும். முன்வரிசை அதைக் காதில் வாங்கி ஊதினால், எதிரே உட்கார்ந்திருக்கும் நடுவருக்கு எல்லாம் ஒன்றாகவே போய்ச் சேரும். டிரம்காரர் முன்வரிசையைக் கேட்டு அடித்தாலோ பிசகு இரட்டிப்பாகும். அதனால் அவருக்குக் காது வேண்டாம், பேண்டை முன்னால் நின்று நடத்தும் டிரம் மேஜரின் கை மட்டும் போதும்.

சைடு டிரம்களைச் சரிசெய்த கடை அண்ணனுக்கும் நன்றி. திருகாணிகளைப் பிள்ளைகள் சுற்றுவரிசையில் முறுக்கிவிட்டதால் ஒரு பக்கம் கணீர், மறுபக்கம் தொளதொள. எல்லாவற்றையும் தளர்த்தி, எதிரெதிர் ஜோடியாக அரைச்சுற்று அரைச்சுற்றாக ஏற்றினார். கூலி வாங்கவில்லை.

போட்டியன்று குடை பிடித்த அம்மாக்களே, நீங்கள் பிள்ளைகளை விட்டுவிட்டு டிரம்பெட்டுகளுக்குப் பிடித்தீர்கள்! சரியான வேலை. காலை ஆறு மணிக்குச் சுருதி சேர்த்த பித்தளை வெயிலில் நின்றால் சுருதி ஏறிவிடும். அதுவும் எல்லாம் ஒரே அளவில் ஏறாது. கடைசி நிமிடத்தில் டியூனிங் ஸ்லைடை (சுருதி சேர்க்கும் நகர்குழாயை) இழுத்துச் சரிசெய்ய யாருக்கும் நேரம் இருக்காது.

அக்குளில் கூடுதல் துணி வைத்துத் தைத்த டெய்லர் அக்கா, விடியற்காலை ஐந்தரைக்கு பேஸ் டிரம்மோடு எழுந்த பக்கத்துத் தெருக்காரர்கள், மூன்றாம் மாடியிலிருந்து வீடியோ எடுத்து வரிசை எங்கே வளைகிறது என்று அனுப்பியவர், எல்லாருக்கும் நன்றி.

ஐயா கட்டிய கயிறு யார் வீட்டுக் கிணற்றுக் கயிறு என்று இன்னும் தெரியவில்லை. விளையாட்டுச் சாமான் அறையில் இருக்கிறது, வந்து வாங்கிக்கொள்ளுங்கள்.