பாடியவர் என். சி. வசந்தகோகிலம்

கொழும்பிலிருந்து ஒலிக்கும் தமிழ் வானொலியொன்றின் நிகழ்ச்சிப் பொறுப்பாளருக்கு,

வணக்கம். எந்த வானொலி என்று இங்கே எழுதவில்லை. வாசித்ததும் உங்களுக்கே விளங்கும்.

போன ஞாயிறு காலை பழைய பாடல் நிகழ்ச்சியில் ‘தந்தை தாய் இருந்தால்’ போட்டீர்கள். அதற்கு முதலில் நன்றி. பாட்டு முடிந்ததும் உங்கள் அறிவிப்பாளர், எம். எஸ். சுப்புலட்சுமி அம்மாவின் தேன்குரல் என்றார். அந்த இசைத்தட்டில் பாடியிருப்பவர் என். சி. வசந்தகோகிலம். அதே நிகழ்ச்சியில் அவர் பெயரைச் சொல்லிவிடுங்கள். கேட்பது அவ்வளவுதான்.

வெள்ளவத்தையில் எங்களோடு இருக்கிற மாமிக்கு எண்பது தாண்டிவிட்டது, கண்பார்வையும் மங்கல். யூடியூப் எல்லாம் அவருக்குச் சரிவராது, வானொலிதான். பிழையைச் சொல்லவேண்டும் என்று உடனே உங்கள் நேரலை இலக்கத்துக்கு எடுக்கச் சொன்னார். கிடைத்தது. “அம்மா, ரேடியோச் சத்தத்தைக் கொஞ்சம் குறையுங்கோ.” குறைத்தோம். எங்கேயிருந்து கதைக்கிறீங்கள், காலைச் சாப்பாடு என்ன, யாருக்கு வாழ்த்துச் சொல்லப் போறீங்கள்? எல்லாவற்றுக்கும் மாமி பொறுமையாகப் பதில் சொன்னார். “தம்பி, அந்தப் பாட்டுப் பாடினது...” என்று தொடங்கினார். “நன்றி அம்மா, தொடர்ந்து இணைந்திருங்கோ!” நகைக்கடை விளம்பரம். மாமி இடியப்பம் சாப்பிட்ட செய்தி நாடு முழுக்கப் போய்விட்டது. சொல்ல வந்தது மட்டும் போகவில்லை. பிறகு மின்னஞ்சலும் அனுப்பினோம். பதில் இல்லை.

பாட்டுக்காகவே படம் எடுத்த காலத்து நடிகை வசந்தகோகிலம். கச்சேரி மேடையிலிருந்து வந்து ‘வேணுகானம்’, ‘கங்காவதார்’ என்று ஒரு பத்து வருடம் நடித்தார். 1944 தீபாவளிக்கு வந்து சென்னை பிராட்வே திரையரங்கில் மூன்று தீபாவளி கண்ட ‘ஹரிதாஸ்’ படம் என்றால் தியாகராஜ பாகவதரும் டி. ஆர். ராஜகுமாரியும்தான் எல்லோருக்கும் ஞாபகம். பாகவதருக்கு மனைவியாக வந்த வசந்தகோகிலத்தை யார் நினைக்கிறார்கள்? கதையில் கணவன் ராஜகுமாரி நடித்த ரம்பாவின் பின்னால் போகிறான், ரசிகர்களும் கூடவே போய்விட்டார்கள். 1950இல் ‘கிருஷ்ண விஜயம்’ படத்தில் அவருக்கு நாரதர் வேடம். பாடத் தெரிந்தவர் வேண்டும் என்றால் ஆண் பெண் பார்க்கவில்லை அன்றைய ஆட்கள். அடுத்த வருடமே, முப்பதுகளின் தொடக்கத்தில், காசநோய் அவரைக் கொண்டுபோய்விட்டது. மிஞ்சியது அந்தக் குரல்தான். அதையும் தூக்கி இன்னொருவர் கணக்கில் எழுதினால் எப்படி? இரவல் புகழ் எம். எஸ். அம்மாவுக்குத் தேவையே இல்லை.

ஒரு காலத்தில் கொழும்பு வானொலியைக் கேட்டுத்தான் தமிழ்நாட்டுக்காரரே பாட்டுக்குப் படம் எது, பாடியவர் யார், இசையமைத்தவர் யார் என்று தெரிந்துகொண்டார்கள். இப்போது பாட்டைவிட அறிவிப்பாளரின் சிரிப்பு நீளம். ஆனால் நகைக்கடையின் பெயர், கிளைகள், தொலைபேசி இலக்கம் எதிலும் ஒரு எழுத்துப் பிசகுவதில்லை. காசு கொடுத்தவர்கள் அல்லவா. வசந்தகோகிலம் விளம்பரம் தரப்போவதில்லை.

சரி, கேட்க வந்ததற்கு வருகிறேன். வருகிற ஞாயிறு, அதே நிகழ்ச்சியில், போன கிழமை சொன்ன பெயர் பிழை, பாடியவர் என். சி. வசந்தகோகிலம் என்று தயவுசெய்து அறிவியுங்கள். இருபது செக்கன் போதும். முடிந்தால் பாட்டையும் இன்னொரு முறை போடுங்கள், இடையில் வெட்டாமல்.

அறிவிப்பாளருக்குப் பெயரைத் தாளில் எழுதியே கொடுத்துவிடுங்கள். வசந்தகோகிலம். ‘கோகிலா’ என்று சுருக்கவேண்டாம்.

இப்படிக்கு,
வெள்ளவத்தை நேயர் ஒருவர்