அந்தக் கூடைக்கு பில் போட்டவள் நான்தான்

எங்கள் ஊர்த் தமிழ் வாட்ஸப் குழு உறவுகளுக்கு,

வணக்கம். போன வாரம் குழுவில் ஒரு படம் வந்தது. மளிகைக் கடை வரிசையில் ஒரு பாட்டியின் முதுகு, வண்டியில் சிவப்பு ரிப்பன் கட்டிய பரிசுக்கூடை, கையில் ஈபிடி கார்டு (வருமானம் குறைந்த குடும்பங்கள் உணவு வாங்க அமெரிக்க அரசு கொடுக்கும் 'ஃபுட் ஸ்டாம்ப்' உதவி இந்தக் கார்டில்தான் வரும்). கீழே, "நாம வரி கட்டறோம், இவங்க ஃபுட் ஸ்டாம்ப்ல கிறிஸ்துமஸ் கிஃப்ட் வாங்கறாங்க" என்று ஒரு வரி. அதற்குக் கீழே சிரிப்பு பொம்மைகள் வரிசையாக. படத்தின் ஓரத்தில் நீலச் சட்டைக் கை ஒன்று தெரிகிறதே, அது என்னுடையது. சாயங்காலங்களில் அந்தக் கவுன்ட்டரில் பில் போடுகிறேன்.

கூடைக்குள் இருந்தது பிஸ்கட், சீஸ், ஹாட் சாக்லேட் பொடி, ஒரு பீங்கான் கோப்பை. தின்பண்டமும் சாமானும் கலந்த கூடைக்கு அமெரிக்க வேளாண் துறையே விதி வைத்திருக்கிறது. சாப்பிட முடியாத பொருளின் மதிப்பு விலையில் 50 சதவீதத்தைத் தாண்டினால் கார்டு செல்லாது. இந்தக் கோப்பை அதன் பக்கத்தில்கூட வராது. பிறந்தநாள் கேக்கின் மேல் குத்தும் அலங்காரத்துக்கும் இதே கணக்குதான். (இந்த விதிகளோடு தினமும் மல்லுக்கட்டுகிறவள் நான். சூடான பொரித்த கோழி கூடாது. அதே கோழி ஆறிப்போய் ஃபிரிட்ஜில் இருந்தால் கூடும்!)

படத்தில் வராதது ஒன்று இருக்கிறது. கூடைக்குப் பிறகு கலர்த்தாள், டேப், பற்பசை. மூன்றும் கார்டில் விழவில்லை. பாட்டி சட்டைப்பையிலிருந்து சில்லறையை எடுத்து, கண்ணாடியை மேலே தள்ளிக்கொண்டு, ஒவ்வொன்றாக எண்ணி வைத்தார். போதவில்லை. கொஞ்சம் யோசித்துவிட்டுப் பற்பசையை என்னிடம் திருப்பி நீட்டினார். கலர்த்தாளை வைத்துக்கொண்டார். "என்னோட வளர்ற பேரனுக்கு" என்றார், நான் கேட்காமலே. வீட்டாருக்கான உணவை வாங்கத்தான் அந்தக் கார்டு. பேரன் அந்த வீட்டுப் பிள்ளை.

"பாதி விலைக்குக் கார்டை விற்கிறவங்களும் இருக்காங்க" என்று ஒருவர் பதில் போட்டிருந்தார். அது குற்றம், பிடிபட்டால் தண்டனை உண்டு, பிடிக்கட்டும். இந்தக் கூடைக்கும் அதற்கும் என்ன சம்பந்தம்?

உங்கள் எரிச்சல் எனக்குப் புரியாமல் இல்லை. வேலை விசாவில் இருப்பவர்களுக்கு இந்தக் கார்டு கிடையாது. கிரீன் கார்டு வாங்கினாலும் 18 வயது நிறைந்தவர்கள் பொதுவாக 5 வருடம் காத்திருக்க வேண்டும். வரி மட்டும் முதல் சம்பளத்திலிருந்தே போகிறது. ஆனால் அந்தக் கோபத்தைக் கொண்டுபோய் ஒரு பாட்டியின் முதுகில் இறக்குவது நியாயமா? 2024 நிதியாண்டில் இந்தக் கார்டில் ஓர் ஆளுக்கு மாதத்துக்குக் கிடைத்தது சராசரியாக 187 டாலர். ஒரு நாளைக்குச் சுமார் 6 டாலர். அதற்குள் மிச்சம் பிடித்து ஒரு கூடை வாங்கியிருக்கிறார் என்றால், எனக்கு அவரிடம் குடித்தனம் கற்றுக்கொள்ளத் தோன்றுகிறது.

நம் தமிழ்நாட்டில் 2024 பொங்கலுக்கு ரேஷன் கடையில் ஒரு கிலோ பச்சரிசி, ஒரு கிலோ சர்க்கரை, ஒரு முழுக் கரும்பு, கூடவே 1,000 ரூபாய் கொடுத்தார்கள். பண்டிகைக்கென்று அரசாங்கமே கொடுத்தது. என் அக்கா வரிசையில் நின்று வாங்கி, கரும்பில் பாதியை எதிர்வீட்டுப் பிள்ளைகளுக்கு வெட்டிக் கொடுத்தாள். யாரும் படம் எடுக்கவில்லை.

படம் போட்ட தம்பி, உன் பெயரைச் சொல்லப் போவதில்லை. அதை அழித்துவிடு. அந்த அம்மாவின் முகம் தெரியாவிட்டாலும், அவர் போட்டிருந்த குளிர் கோட்டை வைத்தே இந்த ஊரில் அடையாளம் தெரிகிறவர்கள் இருக்கிறார்கள்.

குழுவிடம் ஒரு கோரிக்கை. ஜனவரியில் நம் பொங்கல் விழாவுக்கு வாசலில் ஒரு பெரிய பெட்டி வைப்போம். அரிசி பருப்பு வேண்டாம். பற்பசை, சோப்பு, டயப்பர், டாய்லெட் பேப்பர், துணி சோப்புத்தூள் என்று இந்தக் கார்டில் வாங்கவே முடியாத சாமான்களாகக் கொண்டு வாருங்கள். நிரம்பியதும் பக்கத்து உணவு வங்கியில் என் காரில் கொண்டுபோய்ச் சேர்த்துவிடுகிறேன். பெட்டியைத் தூக்க மட்டும் ஆள் வேண்டும், எனக்கு முதுகுவலி. தம்பி, நீ வருவாய்தானே?

அன்புடன்,
ஐந்தாம் நம்பர் கவுன்ட்டர் அக்கா